சாய்வு நாற்காலி ஜப்தி

அந்த ஞாயிற்றுக்கிழமை பல் தேய்க்கும்போதே முடிவு செய்துவிட்டேன். இன்று மாலைக்குள் என் சாய்வு நாற்காலியில் நான் உட்கார்ந்திருப்பேன். இல்லாவிட்டால் நான் அதிகாரியே இல்லை.

நிஜமாகவே நான் அதிகாரிதான். கூட்டுறவு வங்கிக்கும் கடன் வாங்கியவருக்கும் தகராறு என்றால் நடுவர் ஒருவர் விசாரித்துத் தீர்ப்பு எழுதுவார். எழுதிவிட்டு அவர் வீட்டுக்குப் போய்விடுவார். அந்தக் காகிதத்துக்கு உயிர் கொடுப்பது, அரசாங்கத்தின் சார்பில், நான். டிராக்டரை ஜப்தி செய்திருக்கிறேன். ஒருமுறை ஓடிக்கொண்டிருந்த மாவு மில்லையே ஜப்தி செய்தேன். தலை முதல் கால் வரை மாவோடு வந்து நின்றபோது என் மனைவி, "யாருங்க வேணும்?" என்றாள்.

அப்பேர்ப்பட்ட என்னால், மூன்று மாதமாக, ஜன்னலோர நாற்காலியை என் மைத்துனனிடமிருந்து மீட்க முடியவில்லை. எங்கள் வீட்டில் தங்க வந்த வாரமே அவனுக்கு வீட்டிலிருந்தே பார்க்கிற கம்ப்யூட்டர் வேலை கிடைத்தது. கூடவே என் நாற்காலியும் கிடைத்தது. நான் அலுவலகத்தில் அலைந்து திரிந்து வந்து சமையலறை முக்காலியில் உட்காருவேன். முதுகு வலியைவிட மனவலிதான் அதிகம்.

போன வாரம் சண்டை முற்றி, எதிர்வீட்டுக் கண்டக்டரை நடுவராக வைத்தோம். ஓய்வு பெற்றவர். முப்பது வருஷம் பஸ்ஸில் சீட்டுச் சண்டை தீர்த்தவர். இரண்டே நிமிஷத்தில் தீர்ப்பு.

"கைக்குட்டை போட்டு இடம் பிடிக்கறதெல்லாம் செல்லாது. நாற்காலி சாருக்கு. ஏழு நாளைக்குள்ள ஒப்படைக்கணும்."

ஏழு நாளும் போயிற்று. நாற்காலி வரவில்லை.

சாப்பாடு முடிந்ததும் அலுவலகச் சட்டையை மாட்டினேன். பையை எடுத்தேன். வெளியே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு காலிங் பெல்லை அடித்தேன். முறை என்றால் முறை.

மனைவி திறந்தாள். "சாவிய மறந்துட்டீங்களா?"

"ஜப்தி பண்ண வந்திருக்கோம்."

"வந்திருக்கோமா? கூட யாரு?"

"அரசாங்கம்."

"ரெண்டு பேரும் செருப்பைக் கழட்டிட்டு வாங்க. இப்பத்தான் தரையைத் துடைச்சேன்."

மைத்துனன் நாற்காலியில் சாய்ந்திருந்தான். பக்கத்தில் அவன் பெட்டி. துணியெல்லாம் மடித்து அடுக்கியிருந்தது. நிரந்தரமாகத் தங்க ஏற்பாடா? எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"எழுந்திரு! நாற்காலி ஜப்தி!"

"சரிங்க அத்தான்." எழுந்துவிட்டான். இத்தனை வருஷ சர்வீஸில் இவ்வளவு சுலபமாக யாரும் எழுந்ததில்லை. அப்போதே நான் உஷாராகியிருக்க வேண்டும்.

பட்டியல் எழுதினேன். நாற்காலி ஒன்று. கைப்பிடி இரண்டு. இடது கைப்பிடியில் டீக்கறை. கண்டக்டரைக் கூப்பிட்டுச் சாட்சிக் கையெழுத்து வாங்கினேன். முதுகுப் பக்கம் நோட்டீஸ் ஒட்டினேன். ஒட்டிவிட்டு ஆசையாக உட்காரப் போனேன்.

"என்னங்க, ஒரு நிமிஷம். ஜப்தி பண்ண பொருளைக் கேஸ் ஜெயிச்சவர் கையிலயே கொடுக்கலாமா?"

பாதி உட்கார்ந்த நான் அப்படியே நின்றேன். "கூடாது."

"வேற யார்கிட்ட கொடுப்பீங்க?"

"ஏலம் வரைக்கும் ஒரு பொறுப்பாளர்கிட்ட. எழுதி வாங்கிட்டு."

"அதானே! தினமும் சாப்பிடறப்ப சொல்லுவீங்களே, மறக்குமா? தம்பியையே பொறுப்பாளரா போட்டுடுங்க."

சரி, இவனை நிபந்தனை போட்டே விரட்டுகிறேன் என்று கருவிக்கொண்டேன். எங்கள் படிவத்தில் இருக்கிற கடுமையான வரிகளையெல்லாம் இழுத்துப் போட்டு எழுதினேன். 'பொறுப்பாளர் பொருளை எந்நேரமும் கண்காணிக்க வேண்டும். ஏலம் முடியும்வரை இவ்வீட்டை விட்டுக் குடிபெயரக் கூடாது. மீறினால் கடும் நடவடிக்கை.' படித்ததும் பயந்து பின்வாங்குவான் என்பது என் கணக்கு.

அவன் அக்காவைப் பார்த்தான். அக்கா தலையை ஆட்டினாள். கையெழுத்துப் போட்டான்.

வாசலில் ஆட்டோ ஹாரன் அடித்தது.

"வேண்டாம்னு சொல்லி அனுப்பிடுடா," என்றாள் மனைவி.

"எதுக்கு ஆட்டோ?" என்றேன்.

"அத்தானுக்குத் தொந்தரவா இருக்கேன், நண்பன் ரூமுக்குப் போறேன்னு மூணு மணிக்கு வரச் சொல்லியிருந்தான். பெட்டிகூடக் கட்டிட்டான். ஒரு வாரமா நான் கெஞ்சறேன், கேக்கவே இல்ல. நீங்க எழுதிக் கொடுத்ததும் கேட்டுட்டான் பாருங்க!"

அரை மணி நேரம் சும்மா இருந்திருந்தால் நாற்காலி தானாக வந்திருக்கும்!

"ஜப்தி ரத்து! நான் ரத்து பண்றேன்!"

"உங்களுக்கு ஏதுங்க அந்த அதிகாரம்? மேலதிகாரிதானே ரத்து பண்ண முடியும்?"

"இந்த வீட்ல யாரு மேலதிகாரி?"

கேட்டிருக்கக் கூடாது. கண்டக்டர் அவசரமாகச் செருப்பைத் தேடினார். மைத்துனன், கண்காணிக்க வசதியாக, நாற்காலியிலேயே சாய்ந்துகொண்டான்.

"மனு எழுதிக் கொடுங்க," என்றாள் மனைவி. "வரிசைப்படி பாக்கறேன்."

எழுதினேன். முக்காலியில் உட்கார்ந்துதான்.