வடக்கு வாசலை அடைத்துவிடு

அன்புள்ள தம்பி லயனலுக்கு,

அக்கா மேவிஸ் எழுதுவது. ஆண்டவர் உன் இடுப்பு வலியையும் உங்கள் வீட்டுக் கூரையையும் தம் கைக்குள் வைத்துக் காப்பாராக. நீ பேராயத்தின் கட்டடக் குழுவில் இருப்பதால் எழுதுகிறேன். எங்கள் புனித போட்டால்ஃப் ஆலயத்தின் வடக்கு வாசலில் கழிப்பறை கட்ட அனுமதி கேட்டு விண்ணப்பம் வந்திருக்கும். மறுத்துவிடு.

நீ படித்தவன். நான் ஆலயத்துப் பூவுக்கும் மெழுகுவர்த்திக்கும் கணக்கு எழுதிக்கொண்டே கற்களைப் பார்த்துக் கற்றுக்கொண்டவள். தெற்கே உள்ள கூர் வளைவுகள் கம்பளி விற்ற பணத்தில் பிறகு வந்தவை. வடக்குச் சுவர்தான் மூத்த சுவர். அந்தக் காலத்தில் இங்கிலாந்தைப் பிடித்த நார்மானியர் வைத்த உருண்டை வளைவு, பல் பல்லாகக் கொத்தியது. அதிலுள்ள சிறு வாசல், ஞானஸ்நானத்தின்போது குழந்தையை விட்டு ஓடும் பிசாசு வெளியேறுவதற்கு. போனது திரும்பக் கூடாதென்றுதான் பெரியவர்கள் அதைக் கல் வைத்து அடைத்தார்கள்.

போன வருடத்துக்கு முந்தைய வருடம், அறுப்பின் பண்டிகை வாரத்தில், குழாய்க்கு வழி பார்க்கவென்று போதகர் ஹிலாரி அந்தக் கல்லை எடுக்கச் சொன்னார்.

"போதகரம்மா, போனது திரும்பி வந்தா யாரு பொறுப்பு?" என்றேன்.

"இத்தனை நூறு வருஷமா வெளியில நின்னு அதுக்கும் கால் கடுத்திருக்கும், மேவிஸம்மா. வந்தா ஒரு டீ போட்டுக் குடுங்க."

கொத்தனார் சிரித்தார். நான் சிரிக்கவில்லை.

அந்த வாரமே ஆர்கனுக்குள் எலி புகுந்து துருத்தியைக் கடித்தது, பண்டிகைக்கு வைத்த பூசணி அழுகிப் பீடத்துணியெல்லாம் வடிந்தது, கோபுரத்தில் காக்கை கூடு கட்டித் தண்ணீர்க் குழாயை அடைத்து, மழையெல்லாம் உள்ளே கல்லறைமேல் சிலையாய்ப் படுத்திருக்கிற கல் வீரர் மூக்குமேலேயே சொட்டினது, அதையும் பொறுத்துக்கிட்டேன்னு வை, ஆனா அந்தப் பண்டிகை ஞாயிறு பிரசங்கத்துக்கு நடுவுல எழுந்து போன என் வீட்டுக்காரர் சிரில் இன்னிக்கு வரைக்கும் ஆலயப் படி மிதிக்கல. ஏன்னு கேட்டா, "எனக்கும் கடவுளுக்கும் தகராறு ஒண்ணும் இல்ல, விடு"ங்கறார். ஞாயிறுதோறும் அவர் பாட்டுப் புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு தனியாக உட்காருகிறேன். அவர் ஆத்துமா கைவிட்டுப் போய்விடுமோ என்று சாமத்திலும் முழங்காலில் நிற்கிறேன்.

ஆகவே வாசலைக் கல் வைத்து அடைக்கச் சொல். தலைமுறை தலைமுறையாக அடக்கிக்கொண்டு ஜெபித்த சபை இது.

பமீலாவுக்கு என் அன்பு. உன் பிள்ளைகள் தலைமேல் ஆண்டவரின் கரம் தங்கியிருப்பதாக.

உன் அக்கா,
மேவிஸ்

பின்குறிப்பு: உறையை ஒட்டுமுன் சிரில் இதை எடுத்துப் படித்துவிட்டார். கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

"பிசாசு இல்லடி. ப்ராஸ்டேட்டு. ஹிலாரி ஆரம்பிச்சா முடிக்க மாட்டேங்கறாங்க. அன்னிக்கு அடக்க முடியாம கல்லறைத் தோட்டத்து யூ மரத்துக்குப் பின்னால ஒதுங்கினேன். ஆர்கன் வாசிக்கிற டாஃப்னி சிகரெட் பிடிக்க வந்து பாத்துட்டா. அப்புறம் எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு வர்றது?"

"எங்கிட்ட சொல்லக் கூடாதா?"

"சொன்னா ஜெபக் கூட்டத்துல பேர் சொல்லி ஜெபம் பண்ணுவே."

பண்ணியிருப்பேன்.

லயனல், அனுமதி கொடுத்துவிடு. வடக்கு வாசலிலேயே கட்டட்டும். எங்கள் பெஞ்சுக்கு அதுதான் பக்கம்.