பேராசிரியருக்கு ஓர் இரவல் பசு

"இல்லாத மாட்டை இருக்குன்னு எதுக்குங்க சொன்னீங்க?"

"வாய் தவறி வந்துடுச்சு ஜெயா."

"வாய் தவறினா ஒரு வார்த்தை வரும். நீங்க நிறத்தைச் சொன்னீங்க, சுழியைச் சொன்னீங்க, உங்க மடியில தலை வச்சுப் படுக்கும்னு வேற சொன்னீங்க. நான் அடுப்படியிலேர்ந்து கேட்டுக்கிட்டுத்தானே இருந்தேன்?"

பேராசிரியர் கலியபெருமாள் போனைத் துண்டால் துடைக்க ஆரம்பித்தார். பெரம்பலூரில் ஒரு தனியார் கல்லூரியில் விலங்கியல் நடத்துகிறவர். அவருக்கு அதைவிடப் பெரிய பெருமை ஒன்று உண்டு. மனித விலங்கு உறவு ஆய்வுக் கழகத்தின் ஆயுள் உறுப்பினர். வருஷத்துக்கு ஒரு தடவை ஏதாவது ஒரு ஏ.சி. மண்டபத்தில் கழகம் கூடும். காலையில் 'ஆட்டின் அகவாழ்வு' பற்றிக் கண்கலங்கப் பேசுவார்கள். மத்தியானம் அதையே பிரியாணியாகச் சாப்பிடுவார்கள். கலியபெருமாளுக்கு இரண்டிலும் முன்வரிசைதான்.

கழகத்துக்கு இப்போது மத்திய மண்டலத் தலைவர் போடவேண்டும். சென்னையிலிருந்து பொதுச் செயலாளர் கூப்பிட்டு, "உங்க பேருதான் சார் அடிபடுது" என்றார். அதோடு போனை வைத்திருக்கலாம். உச்சி குளிர்ந்துபோன மனுஷர், "நான் வெறும் புத்தகப் புழு இல்லீங்க. வீட்லயே மாடு வச்சிருக்கேன்" என்று அவிழ்த்துவிட்டார். அந்தப் பக்கம் யாரையோ பேனா எடுத்துவரச் சொல்கிற சத்தம். அப்புறம், "மாடா! வீட்லயா! ஞாயித்துக்கிழமையே வந்து பாக்கறோம் சார்" என்று ஒரே பரபரப்பு.

"பதவி கைக்கு வந்த மாதிரிதான்" என்றார் கலியபெருமாள்.

"மாடு?" என்றாள் ஜெயலட்சுமி.

பின்தெரு வீராயியிடம் மாடு இருந்தது. கேட்டதும் அவள் முகம் மலர்ந்தது.

"நல்லதாப் போச்சு சார். உடையார்பாளையத்துல தங்கச்சி மவளுக்குக் கல்யாணம். மாட்டை யாருகிட்ட வுட்டுட்டுப் போறதுன்னு முழிச்சிக்கிட்டு இருந்தேன். ஆனா என் கையத் தவிர வேற கை பட்டா ஒதைக்கும்."

"நான் விலங்கியல்ல டாக்டரேட்டும்மா."

"அதுக்குத் தெரியாதே சார். இந்தாங்க, என் பழைய சேலை. இதைக் கட்டிக்கிட்டுக் கிட்டப் போனா நிக்கும். நான் ஊருக்குப் போனா எங்க வூட்டுக்காரரு அப்படித்தான் கறப்பாரு. இந்தத் தடவை அவரும் கல்யாணத்துக்கு வர்றாரு."

"சேலையா? நானா?" என்று சிரித்துவிட்டு, கலியபெருமாள் சேலையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு மாட்டைப் பிடித்துவந்தார். மாடுதான் அவரைப் பிடித்துவந்தது என்று தெருவில் பேச்சு.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மாடு வாசல் கிரில்லில் நின்றது. முதலில் குரோட்டன்ஸைத் தின்றது. அப்புறம் பொதுச் செயலாளருக்காகத் தொங்கவிட்டிருந்த சம்பங்கி மாலையைத் தின்றது. நாரைக்கூடத் துப்பவில்லை.

"கொல்லையில கொண்டுபோய்க் கட்டுங்க."

கொல்லையில் கட்டினார். அங்கே போனதும் அது கத்த ஆரம்பித்தது. ஊரே எட்டிப் பார்க்கிற கத்தல்.

"கன்னுக்குட்டியத் தேடுது. அதையும் ஓட்டிட்டு வாங்க."

கன்றை ஓட்டிவந்தார். வந்த வேகத்தில் அது மடியில் முட்டியது.

"ஐயய்யோ, எல்லாத்தையும் அது குடிச்சிட்டா வர்றவங்க முன்னாடி எதைக் கறந்து காட்டுவீங்க? பிரிச்சுக் கட்டுங்க!"

கட்ட வேறு இடம் இல்லை. கூடத்து சோபாவின் காலில் கட்டினார். கன்று சோபாவோடு பூஜை அறைக்கு நடந்தது. போகிற வழியில் சாணம் வேறு. அதை வழித்துவிட்டுச் செம்போடு கொல்லைக்குப் போனவர், போன வேகத்திலேயே திரும்பி வந்தார். செம்பு மட்டும் கிணற்றடியில் உருண்டுகொண்டிருந்தது.

"ஒதைச்சிடுச்சா?"

"லேசா."

"நொண்டுறீங்க."

"ஜெயா, அந்தச் சேலை எங்க?"

ஜெயலட்சுமி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கட்டிவிட்டாள். "நிமிந்து நில்லுங்க. கொசுவம் நிக்க மாட்டேங்குது. தொப்பையை உள்ள இழுங்க. அந்த மீசையைப் பாத்தா மாடு நம்புமான்னுதான் தெரியல."

மாடு நம்பியது. முகர்ந்து பார்த்துவிட்டு அமைதியாக நின்றது. பேராசிரியர் குந்தி உட்கார்ந்து முதல் பீச்சு பீச்சியபோது வாசலில் வேன் ஹாரன் கேட்டது. அவிழ்க்க நேரம் இல்லை. கொல்லை வாசலில் மூன்று பேர் வந்து நின்றுவிட்டார்கள். ஜிப்பா போட்ட பொதுச் செயலாளர், டேப் ரெக்கார்டரோடு ஓர் அம்மாள், கேமராவோடு ஒருத்தர்.

கலியபெருமாளுக்கு உயிரே போயிற்று. ஆனால் ஒருத்தரும் சிரிக்கவில்லை. அந்த அம்மாள் கையை நெஞ்சில் வைத்துக்கொண்டாள்.

"அற்புதம்!" என்றாள். "அப்படியே இருங்க. எழுந்திருக்காதீங்க. சேலை கட்டிக்கிட்டுத்தான் கறப்பீங்களா?"

தலைவர் பதவி கண்ணில் ஆட, "எப்பவும் இப்படித்தான்" என்றார்.

"மாட்டோட பேசுவீங்களா?"

"தினம் பேசுவேன்."

"பதில் சொல்லுமா?"

"முகத்தைப் பாத்தே புரிஞ்சுக்குவேன்."

"தூங்கறது எங்க?"

"கொட்டகையிலதான், அதுகூடவே."

கொட்டகையே கிடையாது. ஆனால் ஜெயலட்சுமி சும்மா இருப்பாளா? "ஆமாங்க, இனிமே அங்கதான்" என்றாள் கதவோரத்திலிருந்து.

கேமராக்காரர் ரோல் தீர்கிறவரை எடுத்தார். மாட்டை ஒரு படம்கூட எடுக்கவில்லை, எல்லாம் கலியபெருமாளைத்தான். முன்பக்கம், பின்பக்கம், பாதம், கை. அந்த அம்மாள் அவர் பேசுவதை மட்டுமல்ல, அவர் இருமியதையும் பதிவுபண்ணினாள். நடுவில் அவர், "இது சம்பந்தமா என்னுடைய கோட்பாடு என்னன்னா..." என்று ஆரம்பித்தார். பொதுச் செயலாளர், "கோட்பாடெல்லாம் நாங்க பாத்துக்கறோம். நீங்க இயல்பா இருங்க" என்று அவர் தோளைத் தட்டினார். எவ்வளவு அன்பு! கலியபெருமாளுக்குப் புல்லரித்தது.

காபி குடித்தார்கள். கும்பிட்டார்கள். மாட்டையும் கும்பிட்டார்கள். பதவியைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

"பாத்தியா, எப்படி உருகிட்டாங்க!" என்றார் மனைவியிடம்.

"உருகினாங்க சரி. தலைவர்னு ஒருத்தரும் சொல்லலையே?"

சுருக்கென்றது. மூன்று பேரும் வாசலில் நின்று பெருமாள் கோயில் எந்தப் பக்கம் என்று பக்கத்து வீட்டுக்காரரை விசாரித்துக்கொண்டிருந்தார்கள். கலியபெருமாள் சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நொண்டியபடியே வேனின் மறுபக்கம் போனார். டிரைவர் அய்யாக்கண்ணு கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"ஏம்ப்பா, சென்னையிலேர்ந்து இவ்வளவு தூரம் கூட்டிட்டு வந்திருக்க. வண்டியில பேசிக்கிட்டு வந்திருப்பாங்களே. மண்டலத் தலைவர் விஷயம் என்ன ஆச்சு?"

அய்யாக்கண்ணு அவரை மேலும் கீழும் பார்த்தான். பார்த்துவிட்டு இரக்கத்தோடு சொன்னான்:

"அது உங்களுக்குத்தான்னு முடிவே பண்ணியிருந்தாங்க சார், நீங்க மாடு வச்சிருக்கேன்னு சொல்ற வரைக்கும்; மாடு வச்சிருக்கறவங்க அந்தக் கழகத்துல ஆளு இல்லீங்களாம், ஆராய்ச்சி பண்ற சரக்காம்."