கடன் வாங்கிய வாய்

"உயிர் இருக்கிற வரைக்கும் என் வாய்க்குள்ள இன்னொருத்தர் கை போகாது. இது சத்தியம்!"

கமாண்டர் இப்படி முழங்கியபோது அவருடைய வலது கையில் டீ இருந்தது. இடது கை கன்னத்தில் இருந்தது.

"சத்தியம் இருக்கட்டும். கன்னத்துல ஏன் கை?" என்றாள் மனைவி.

"யோசனை பண்றேன்."

"யோசனை பண்றவங்க நெத்தியிலதான் கை வைப்பாங்க. கடைவாய்ல வைக்க மாட்டாங்க."

கமாண்டர் கையை நெற்றிக்கு மாற்றினார். சமாளிக்க ஒரு வாய் குடித்த டீயில் ஒரு சொட்டு அந்தப் பாழாய்ப்போன பல்லில் பட்டுவிட்டது. மனிதர் நாற்காலியிலிருந்து அரை அடி எழும்பி உட்கார்ந்தார். மனைவி ஒன்றும் பார்க்காதவள் மாதிரி மேஜையைத் துடைத்தாள்.

கமாண்டர் என்பது தெரு வைத்த பெயர். ராணுவத்தில் அவர் கட்டளையிட்டது கம்பளிகளுக்குத்தான். சேர்ந்த நாள் முதல் ஓய்வு பெற்ற நாள் வரை கிடங்குப் பொறுப்பாளர். கம்பளி, கொசுவலை, பூட்ஸ் எல்லாவற்றையும் எண்ணி வாங்குவார், எண்ணிக் கொடுப்பார். ஒரு முறை பால் டின் அடுக்கு சரிந்து அவர் தோளில் விழுந்தது. அந்தத் தழும்பைக் காட்டித் தெருவில் அவர் சொல்லும் கதையில் பால் டின் வராது. எதிரி வருவான்.

இப்படிப்பட்ட வீரருக்கு உலகத்தில் ஒன்றே ஒன்றுதான் பயம். பல் டாக்டர். அந்த நாற்காலியை நினைத்தாலே போதும், எழுந்து வேறு அறைக்குப் போய்விடுவார்.

அவர் பயந்து தொலைக்கட்டும், அது அவர் பாடு. ஆனால் அந்தப் பயத்துக்கு மனைவியின் வாயும் சேர்ந்து பலியானதுதான் கொடுமை. ஓய்வு பெற்ற ராணுவத்தினருக்கும் அவர்கள் குடும்பத்துக்கும் பல் காப்பீடு இருக்கிறது. பென்ஷனில் மாதாமாதம் அதற்குப் பிடித்துக்கொண்டும் இருக்கிறார்கள். ஆனால் ஒரு நிபந்தனை. முதலில் ராணுவத்தில் இருந்தவர் வந்து வாயைத் திறந்து காட்ட வேண்டும். அதற்கப்புறம்தான் குடும்பத்தின் வாய் திறக்கும். மனைவிக்கு இடது பக்கம் இரண்டு கடைவாய்ப் பற்கள் உடைந்து எத்தனையோ காலம் ஆகிவிட்டது. வறுத்த கடலை என்றால் அவளுக்கு உயிர். அதை இடித்துப் பொடியாக்கித்தான் வாயில் போட்டுக்கொள்வாள். பக்கத்தில் உட்கார்ந்து கமாண்டர் முழுக் கடலையைக் கடக் கடக்கென்று கடிப்பார்.

"வலது பக்கம்தான் நல்லா இருக்கே. ஒரு பக்கம் போதாதா?" என்று ஒரு முறை கேட்டார். அதை அவர் மறந்துவிட்டார். அவள் மறக்கவில்லை.

அன்று டீக் கோப்பையை எடுத்துக்கொண்டு போனவள் ஜன்னலருகே நின்றாள். பக்கத்து வீட்டு பேண்டு மாஸ்டர் வாசலில் நின்று பால்காரரிடம் சிரித்துக்கொண்டிருந்தார். ராணுவ பேண்டில் பெரிய டிரம் அடித்து ஓய்வு பெற்றவர் அவர்.

"பல்லுன்னா அவர் பல்லு. எப்படி வரிசையா, பளபளன்னு! ஒரு டாக்டர் பார்த்தா ஒரு குத்தம் சொல்ல முடியுமா?"

சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். கமாண்டர் ஜன்னலுக்கு வந்தார். மாஸ்டரின் பல்லைப் பார்த்தார். கிடங்குக்காரரின் மூளை விழித்துக்கொண்டது.

கிடங்கில் மேலதிகாரி சோதனைக்கு வருகிறார் என்றால், கம்பளி குறைந்தால் என்ன செய்வார்கள்? பக்கத்துக் கிடங்கில் கடன் வாங்கி அடுக்குவார்கள். அதிகாரி எண்ணிப் பார்ப்பார், தலையாட்டுவார், போய்விடுவார். மறுநாள் கம்பளி வந்த வழியே திரும்பிவிடும். காலம் காலமாக நடக்கிற காரியம். மூட்டை மூட்டையாகக் கம்பளி கடன் வாங்கினவருக்கு ஒரே ஒரு வாய் கடன் வாங்கத் தெரியாதா?

மதில் சுவரோரம் பேச்சுவார்த்தை நடந்தது.

"மாஸ்டர், எனக்காக ஒரு தடவை வாயைத் திறக்கணும்."

"நான் எப்ப மூடினேன் அண்ணே?"

"பல் டாக்டர்கிட்ட. என் பேர்ல. சும்மா ஆன்னு காட்டிட்டு வந்தாப் போதும். என் வீட்டுக்காரிக்கும் காப்பீடு திறந்துடும், என் சத்தியமும் காப்பாத்தப்பட்டுடும்."

"அடையாள அட்டையில போட்டோ இருக்குமே?"

"தொப்பி, மீசை. அது ரெண்டும் போக மூக்கு ஒண்ணுதான் மிச்சம். மூக்கை எவன் பார்க்கிறான்?"

மாஸ்டர் தாடையைத் தடவினார். "உங்ககிட்ட ஒரு ஜோடி புது பூட்ஸ் இருக்குன்னு அண்ணி சொன்னாங்க..."

அண்ணி எதற்காக இவரிடம் பூட்ஸைப் பற்றிச் சொன்னாள் என்று கமாண்டர் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. பூட்ஸ் கைமாறியது. மாஸ்டர் அட்டையை வாங்கிக்கொண்டு, பூட்ஸைப் போட்டுக்கொண்டு, தெருவே அதிர நடந்து போனார். மத்தியானம் திரும்பி வந்து கட்டை விரலை உயர்த்திக் காட்டினார்.

"முடிஞ்சது அண்ணே. டாக்டருக்கு வேலையே இல்லை!"

கமாண்டர் அன்று குட்டித் தூக்கம் போட்டார். தூக்கத்தில் சிரித்தார் என்று கூடச் சொல்கிறார்கள்.

மறுநாள் காலையில் தட்டில் வந்தது ஒரு தினுசாக ஆடியது. கமாண்டர் குனிந்து பார்த்தார். கஞ்சி.

"யாருக்கு உடம்பு சரியில்லை?"

"டாக்டரம்மா போன் பண்ணினாங்க. உங்களுக்கு ஒரு பல்லு கூட இல்லையாமே. பாவம், மெல்ல முடியாதேன்னு வடிகட்டி வச்சேன்."

"பல்லு இல்லையா? எனக்கா? இது என்னடி?" கமாண்டர் வாயை அகலத் திறந்து காட்டினார்.

"இருக்கு, பார்க்கிறேன். ஆனா ஏட்டுல இல்லைன்னு எழுதிட்டாங்களே. நீங்கதானே சொல்லுவீங்க, ஏட்டுல இல்லாத பொருள் கிடங்குல இருக்கக் கூடாதுன்னு?"

"அது... அது கிடங்கு!"

"குறைஞ்சாக் கவனக்குறைவு, கூடினாத் திருட்டுன்னும் சொல்லுவீங்க. உண்மையைச் சொல்லுங்க. அது யாரோட பல்லு?"

கமாண்டர் மதில் சுவரை நோக்கிப் பாய்ந்தார். மாஸ்டர் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார், பூட்ஸோடு.

"யோவ், அங்க போய் என்னய்யா காட்டினே?"

"நீங்க சொன்னதைத்தான் அண்ணே. ஆன்னு காட்டினேன்."

"அப்புறம் ஏன் பல்லே இல்லைன்னு எழுதியிருக்காங்க?"

மாஸ்டர் தண்ணீர்க் குவளையைக் கீழே வைத்தார். விரலை வாய்க்குள் விட்டார். மேல் வரிசை வந்தது. கீழ் வரிசையும் வந்தது. இரண்டையும் உள்ளங்கையில் வைத்து நீட்டினார். காலை வெயிலில் அவை பளபளவென்று சிரித்தன. அவற்றுக்குப் பின்னால் மாஸ்டரின் வாய் காலி மைதானமாக இருந்தது.

"இதே காப்பீட்டுலதான் கட்டினேன் அண்ணே, ரிடையர் ஆன புதுசுல," என்று பொக்கை வாயால் குழறினார். "எல்லாரும் அசல்னே நினைக்கிறாங்க."

வாழ்நாளெல்லாம் சரக்கைத் தட்டிப் பார்த்து, இழுத்துப் பார்த்து, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து வாங்கின மனிதர். பளபளப்பைப் பார்த்து ஏமாந்துவிட்டார். திரும்பி வந்து கஞ்சி முன் உட்கார்ந்தார்.

அன்று பூராவும் கஞ்சிதான். சாயங்காலம் கடலை டப்பாவைத் தேடினார். அது மேல் அலமாரியில் ஏறியிருந்தது. "பல்லில்லாதவர் கண்ணுல படக் கூடாதுன்னு" என்றாள் மனைவி. போதாக்குறைக்குப் பால்காரர் வேறு வாசலில் நின்று, "கேள்விப்பட்டேன் சார், மனசைத் தளர விடாதீங்க" என்று ஆறுதல் சொல்லிவிட்டுப் போனார்.

அடுத்த நாள் கஞ்சி கொஞ்சம் சூடாகவே வந்தது. முதல் கரண்டி நேராகப் போய் அந்தக் கடைவாய்ப் பல்லைத் தாக்கியது. பால் டின் விழுந்தபோது கூடக் கத்தாதவர் கத்தினார்.

"ஐயோ! பல்லு!"

"எந்தப் பல்லு?"

"வலிக்குதுடி. ரொம்ப நாளா வலிக்குது. போதுமா? எடுத்துத் தொலைக்கணும்."

"இல்லாத பல்லு எப்படிங்க வலிக்கும்? காப்பீட்டுல கேட்டாச் சிரிப்பாங்க. முதல்ல பல்லு இருக்குன்னு நிரூபிக்கணும். நேர்ல போய்த் திறந்து காட்டினாத்தான் ஏட்டைத் திருத்துவாங்க."

கமாண்டர் கஞ்சியைப் பார்த்தார். மேல் அலமாரியைப் பார்த்தார். கன்னம் விண் விண்ணென்று தெறித்தது. சத்தியம் எந்த வழியாகப் போனதென்று தெரியவில்லை.

"புறப்படு" என்றார்.

அவள் ஏற்கெனவே நல்ல புடவையில் இருந்தாள்.

பல் ஆஸ்பத்திரியில் உள்ளேயிருந்து இயந்திரம் கீச்சிட்ட ஒவ்வொரு முறையும் கமாண்டர் எழுந்து நின்றார். ஒவ்வொரு முறையும் மனைவி சட்டையைப் பிடித்து உட்கார வைத்தாள். கடைசியில் அவர் பெயரைக் கூப்பிட்டார்கள். டாக்டரம்மா இளவயசுக்காரி, புன்சிரிப்போடு நாற்காலியைக் காட்டினாள். கமாண்டர் அதன் நுனியில் உட்கார்ந்து, தொண்டையைக் கனைத்து, வீரமாக உண்மையைச் சொன்னார்.

"டாக்டர், ஒரு தப்பு நடந்து போச்சு. முந்தாநாள் என் பேர்ல வந்தவர் நான் இல்லை. எனக்குப் பல்லு இருக்கு. தயவுபண்ணித் திருத்திடுங்க."

டாக்டரம்மா புருவத்தை உயர்த்தினாள்.

"முந்தாநாளா? உங்க பேர்ல யாரும் வரலையே. உங்க முதல் அப்பாயின்ட்மென்ட்டே இன்னிக்குத்தான். அம்மா போன வாரமே வாங்கிட்டாங்க."

"போன வாரமா? அப்ப நீங்க போன்..."

"நான் யாருக்கும் போன் பண்ணலையே."

கமாண்டர் மெல்லத் தலையைத் திருப்பினார். மனைவி கதவோரம் நின்று புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டிருந்தாள்.

"அப்ப மாஸ்டர் எங்கடி போனார்?"

"சலூனுக்கு. சவரம் பண்ணிட்டு வந்தார்."

"எல்லாம் உன் வேலையா? எப்ப இருந்து?"

"அவர் பல்லு அழகுன்னு நான் சொன்னேனே, அதுக்கும் முன்னாடி இருந்து."

அவர் பதில் சொல்ல வாயைத் திறந்தார். அதுதான் அவர் செய்த கடைசித் தவறு. டாக்டரம்மா அதற்காகத்தான் காத்திருந்தாள். ஊசி போட்டு, மரத்துப்போகக் காத்திருந்தாள். பிறகு கமாண்டர் கண்ணை இறுக்க மூடிக்கொண்டு எல்லாத் தெய்வங்களையும் வரிசையில் நிற்க வைத்துக் கூப்பிட்டு முடிப்பதற்குள் சொத்தைப் பல் தட்டில் டங்கென்று விழுந்தது. பல் போன பள்ளத்தில் பஞ்சை வைத்து, கடித்துக்கொள்ளச் சொன்னாள். அவர் இன்னும் கண்ணைத் திறக்கவில்லை. ஆகவே மீதி விவரத்தை மனைவியிடம் சொன்னாள்.

பிறகு மனைவி நாற்காலியில் ஏறி உட்கார்ந்தாள். இரண்டு பற்களுக்கும் மூடி போட்டுத் தரலாம், செலவு காப்பீட்டில் அடங்கும் என்று டாக்டரம்மா சொன்னபோது அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. கமாண்டர் அதைப் பார்த்தார். அவருக்கு என்னவோ செய்தது. வெட்கம்தான், வேறென்ன. ஏதாவது சொல்ல நினைத்தார், ஆனால் பஞ்சு விடவில்லை.

"அதை எடுத்துடாதீங்க. பேசவும் கூடாது. டாக்டர் உத்தரவு," என்றாள் மனைவி.

உத்தரவு என்ற சொல்லுக்குக் கமாண்டர் வாழ்க்கையில் மறுப்புச் சொன்னதில்லை. பஸ்ஸில் பேசாமல் வந்தார். வீட்டில் பேசாமல் உட்கார்ந்தார். அவள் பேசினாள். இடித்துத் தின்ற கடலையைப் பற்றிப் பேசினாள், ஒரு பக்கம் போதாதா என்று அவர் கேட்டதைப் பற்றிப் பேசினாள், பால் டின்னைப் பற்றியும் பேசினாள். கல்யாணமானதிலிருந்து நடுவில் வெட்டுப்படாமல் அவள் பேசி முடித்த முதல் பேச்சு அது. வெளிச்சம் மங்கும்வரை அவர் பஞ்சைக் கடித்துக்கொண்டு எல்லாவற்றுக்கும் தலையாட்டினார்.

பஞ்சை அரை மணி நேரம் வைத்திருந்தால் போதும் என்றுதான் டாக்டரம்மா சொல்லியிருந்தாள்.