பொறு அண்ணையும் பதினைந்து அறைகளும்

ஒரு பட்டனை அமத்த மூன்று மாதம் எடுத்த மனுசன் இந்த உலகத்தில் ஒருவர்தான் இருந்திருப்பார். அவர் எங்கள் திருகோணமலைத் துறைமுகத் தெருவில், என்னுடைய கடைக்குப் பக்கத்துக் கடையில் இருந்தார். அவரைப் பொறு அண்ணை என்றுதான் தெருவே கூப்பிட்டது.

தாய் தகப்பன் வைத்த பெயர் வேறு ஏதோ இருந்திருக்கும். ஒருவரும் கேட்கவில்லை. அவர் வாயில் ஒரு நாளைக்கு நூறு தரம் வந்த சொல் "பொறு". தேத்தண்ணி ஆறுகிறது என்றால் "பொறு". மழை வருகுது, கதவைச் சாத்துங்கோ என்றால் "பொறு". ஒரு நாள் செல் குண்டு விழுகுது, ஓடுங்கோ என்று தெருவே கத்தினது. அவர் குனிந்து செருப்பைத் தேடிக்கொண்டு, "பொறுங்கோ, ஒரு சோடிதான் இருக்குது" என்றார். அன்றைக்குச் செல் கடலுக்குள் விழுந்தது. அதுவும் அவருக்காகப் பொறுத்தது என்று பிறகு கதைத்துச் சிரித்தோம்.

நான் வாய்ப்பன் பலகாரமும் பால் விடாத பிளேன்ரீயும் விற்றேன். என் கையால் உழைத்துப் பிள்ளை வளர்த்தேன், ஒருவரிடமும் கை நீட்டவில்லை. இரண்டு கடைக்கும் நடுவில் ஒரு சுவர். அந்தச் சுவர் ஆள் உயரத்தோடு நின்றுவிட்டது. அதற்கு மேல் ஓடு வரைக்கும் வெளி. ஆனபடியால் அங்கே நடந்தது முழுக்க எனக்குக் கேட்டது. கேட்க வேண்டும் என்று நான் காது கொடுக்கவில்லை.

அவருடையது விளையாட்டுக் கடை. ஒரு பழைய ரீவி, அதோடு பூட்டுகிற கேம் பெட்டி ஒன்று, ஐந்து கதிரை. வெளிநாட்டில் இருந்த தங்கச்சி மகன் லீவில் வந்து போகும்போது விட்டுப்போன பெட்டி அது. பொறு அண்ணை அதற்கு முந்திச் சல்லி என்கிற கரையோரக் கிராமத்தில் கரைவலை இழுத்த மனுசன். போர் முற்றிக் கரையில் வலை போட ஏலாமல் வந்தபோது நகரத்துக்கு வந்து கடை போட்டார். விளையாட வந்தவர்களும் பெரும்பாலும் மீன்பிடிகாரர்தான். கடலுக்குப் போக நேவி தருகிற பாஸ் கிடைத்த அன்றைக்குக் கடல், கிடைக்காத அன்றைக்குப் பெட்டி. பாஸ் கிடைக்காத நாட்கள்தான் கூட.

அந்தப் பெட்டிக்கு மெமரி காட் என்று ஒன்று உண்டு. தீப்பெட்டியை விடச் சிறியது. அதற்குள் பதினைந்து அறை. இன்றைக்கு விளையாடினதை நாளைக்கு விட்ட இடத்திலிருந்து தொடங்க வேண்டும் என்றால், அது அந்த அறைக்குள் படுத்திருக்க வேண்டும். கார் ஓட்டத்துக்கு ஒரு அறை காணும். பந்தாட்டச் சுற்றுப்போட்டிக்கு மூன்று அறை வேண்டும். மீன் பிடிக்கிற விளையாட்டு ஒன்று இருந்தது, அதற்கும் மூன்று. பதினைந்தும் நிரம்பினால் யாராவது ஒருவருடையதை அழித்தால்தான் அடுத்தவருக்கு இடம். வேறு காட் வாங்கலாமே என்று கேட்பீர்கள். கொழும்பிலிருந்து பற்றரி ஒன்று வந்து சேருவதே பெரும்பாடாக இருந்த காலம் அது. கொழும்புக்குப் போன மூன்று ஆளிடம் சொல்லிவிட்டார். மூன்று பேரும் வந்தார்கள், காட் வரவில்லை.

இடம் வேண்டும் என்று யாராவது கேட்டால் பொறு அண்ணை நிமிர்ந்து உட்காருவார். கரைவலையில் பாடு என்று ஒன்று உண்டு. கரையில் இன்ன துண்டில், இன்ன முறைக்கு, இன்னார் வலை போடலாம் என்கிற உரிமை. ஆள் காய்ச்சலில் படுத்தாலும் அவருடைய பாடு அவருடையதுதான். தன் வாயால் விட்டுக்கொடுத்தால் ஒழிய மற்றவன் அதில் கால் வைக்க ஏலாது. அந்தச் சட்டத்தை அந்த மனுசன் அப்படியே கொண்டுவந்து அந்தத் தீப்பெட்டிக்குள் வைத்தார். ஒவ்வொரு அறையும் ஒருவருடைய பாடு.

"உரியவர் நேரிலை வரவேணும். தேப்பன்ரை பேரோடை கூப்பிடுவன். மூண்டு தரம் கேப்பன், மூண்டு தரம் விடுறன் எண்டு சொல்லவேணும். பிறகு ஒரு பிளேன்ரீ குடிச்சிட்டு நாலாம் தரமும் சொல்லவேணும்."

"ஏனண்ணை பிளேன்ரீ?"

"குடிக்கேக்கை மனம் மாறலாம்."

எனக்கு வியாபாரம் நடந்தது, நான் குறை சொல்ல மாட்டேன்.

அழிக்கவா என்று பெட்டியே ஒரு தரம் கேட்குமாம். ஓம் என்று ஒரு பக்கம், வேண்டாம் என்று ஒரு பக்கம். "பாருங்கோ, பெட்டி முதல்லை வேண்டாம் எண்ட பக்கத்திலைதான் போய் நிக்குது. மெசினுக்கே அவ்வளவு மரியாதை இருக்கேக்கை நாங்கள் எப்பிடி இருக்கவேணும்?" என்பார்.

கனடாவுக்குப் போன ஒருவருடைய கார் ஓட்டம் ஓர் அறையில் கிடந்தது. அதை அழிக்க உரியவர் சொல்ல வேண்டுமே, அவனோ நேரில் வர ஏலாதவன். பொறு அண்ணை வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு, தொலைபேசி எடுக்கிற கடைக்குப் போய்க் கனடாவுக்கு எடுத்தார். தெருவில் பாதி பின்னால் போனது. அந்தப் பக்கம் எடுத்தவன் இவருடைய குரலைக் கேட்டதும் நடுங்கிவிட்டான்.

"அண்ணை, ஆர் செத்தது? சொல்லுங்கோ, நான் தாங்குவன்."

"ஒருத்தரும் சாகேல்லை, தம்பி. உம்மடை கார்ப் பாட்டை விடுறீரோ எண்டு கேக்க எடுத்தனான்."

அந்தப் பக்கத்தில் அழுகிற சத்தம். "அண்ணை, அது அங்கை இருக்கட்டும் அண்ணை. இஞ்சை எனக்கெண்டு ஒரு இடமும் இல்லை" என்றானாம். பொறு அண்ணை வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு திரும்பி வந்தார். அந்த அறை அவனுக்கே இருந்தது.

மெமரி காட்டை இருமல் இனிப்புத் தகரப் பேணி ஒன்றில் போட்டு, சட்டைப் பையில் வைத்துக்கொண்டுதான் வீட்டுக்குப் போவார். ஒரு நாள் வழியில் இருந்த காவல் சென்றியில் புது ஆமிக்காரன் மறித்து, இது என்ன என்றான். பொறு அண்ணைக்குத் தெரிந்த சிங்களம் கொஞ்சம். அந்தக் கொஞ்சத்தை வைத்துக்கொண்டு, "இதுக்குள்ளை ஆக்கள் இருக்கினம்" என்று சொல்லிவிட்டார். எத்தனை ஆள், எங்கே ஒளித்திருக்கு என்று அவன் துவக்கைத் தூக்கிவிட்டான். வெயிலில் ஒரு மணித்தியாலம் நின்றார். பிறகு அவனுக்கு மேலான பெரியவன் ஒருவன் வந்து பேணியைத் திறந்து பார்த்தான். பார்த்ததும் அவன் முகம் மாறிவிட்டது. தன்னுடைய வீட்டிலும் இது இருக்கிறது, தம்பிக்காரன் தான் இல்லாத நேரம் தன்னுடையதை அழித்துவிட்டான் என்றானாம். பொறு அண்ணை அவனுடைய கையைப் பிடித்து, "கேக்காமலோ?" என்று கேட்டிருக்கிறார். அவன் தலையாட்டினானாம். அதற்குப் பிறகு அந்தச் சென்றியில் அவரை மறிக்கவில்லை.

இனி என் கதைக்கு வருகிறேன்.

வசந்தன் என்னுடைய ஒரே பிள்ளை. இருபத்தைந்து வயது ஆம்பிளை. கடலுக்குப் போகாத நாளில் அந்தக் கடையில்தான் இருப்பான். பந்தாட்டம். சுவருக்கு மேலால் அவனுடைய சத்தம் கேட்கும். ஆட்டம் வென்றால், "அம்மா, வெண்டிட்டன்!" என்று கத்துவான். "வெண்டு என்ன, குசினிக்கு விறகு வந்திட்டுதோ?" என்று நானும் கத்துவேன். ஒரு நாள் பாஸ் கிடைத்து விடியப் போனான். போனவன் வரவில்லை. தோணியும் வரவில்லை. கடலா, மனுசரா, எனக்கு இன்றைக்கும் தெரியாது. கேட்கக்கூடிய வாசல் எல்லாவற்றிலும் போய்க் கேட்டேன். பதில் சொல்ல ஒருவரும் இருக்கவில்லை.

அவனுடைய பந்தாட்டம் மெமரி காட்டில் மூன்று அறையில் கிடந்தது.

ஒரு வருசம் போனது. மோட்டர் ரஞ்சன் என்று ஒருவர், தோணி இயந்திரம் திருத்துகிறவர், அவரும் பந்தாட்டத்தில் பெரிய ஆள். கடைசி ஆட்டம் வரைக்கும் வந்துவிட்டார். அதை வைக்க அவருக்கு இடம் இல்லை. கரண்ட் போனால் எல்லாம் போய்விடும், அவர் திரும்ப முதலில் இருந்து தொடங்குவார். அந்த நாளில் கரண்ட் போகாத நாள் ஏது?

"அண்ணை, வசந்தன்ரை மூண்டு அறை இருக்குதுதானே. ஒரு பட்டன்தான். அமத்தினாக் காணும்."

"பொறு."

"ஆர் வந்து கேக்கப்போகினம்?"

"உரியவர் வருவார்."

"வராட்டி?"

சுவருக்கு இந்தப் பக்கம் நான் வாய்ப்பன் பொரிக்கிற தாச்சியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். மா கருகினது.

"வராட்டித் தாய் சொல்லவேணும்" என்றார் பொறு அண்ணை. "தாயிட்டை ஒருத்தரும் போய்க் கேக்கக் கூடாது. நானும் கேக்க மாட்டன்."

கேட்கக் கூடாது என்று சொன்னால் கேட்காமல் இருக்கிற தெருவா எங்களுடையது? வாயால் கேட்கவில்லை, கண்ணால் கேட்டார்கள். தேத்தண்ணி குடிக்க வந்தவர்கள் கோப்பைக்கு மேலால் என்னைப் பார்த்தார்கள். மூன்று மாதம் பார்த்தார்கள். ரஞ்சன் மூன்று தரம் கடைசி ஆட்டம் வரைக்கும் வந்து, மூன்று தரமும் கரண்ட் போய், முதலில் இருந்து தொடங்கினார். விடுறன் என்று நான் ஒரு சொல் சொன்னால் காணும். அந்தச் சொல்லைச் சொன்னால் என் பிள்ளை வர மாட்டான் என்று நானே சொன்னதாகிவிடும்.

ஆனால் ஊரார் பார்வையைச் சுமந்துகொண்டிருக்கவும் என்னால் ஏலாது. ஒரு நாள் காலமை அடுப்பை அணைத்துவிட்டு, நல்ல சீலை உடுத்துக்கொண்டு, அந்தக் கடைக்குள் போனேன். அவ்வளவு வருசத்தில் நான் அதற்குள் கால் வைத்தது அதுதான் முதல் தரம். எல்லாரும் எழும்பிவிட்டார்கள். பொறு அண்ணை கதிரையைத் துண்டால் துடைத்துத் தந்தார்.

"எங்கை என்ரை பிள்ளையின்ரை இடம்?" என்றேன்.

காட்டினார். ரீவியில் சின்னச் சின்னப் படமாகப் பதினைந்து அறையும் தெரிந்தது. அவனுடையதில் ஒரு சின்னப் பந்து. அது சும்மா இருக்கவில்லை, சுற்றிக்கொண்டே இருந்தது. கீழே பெயர் இங்கிலீசில் இருந்தது. நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். என்றாலும் முதல் எழுத்தை எனக்குத் தெரியும். அவனுடைய மீன்பெட்டியில் நான்தான் அந்த எழுத்தைத் தாரால் கீறிவிட்டேன்.

"கேளுங்கோ அண்ணை" என்றேன்.

"பொறுங்கோ அக்கா."

"பொறுத்தது காணும். நான் ஒருத்தற்றை இடத்தையும் மறிச்சுக்கொண்டு இருந்தவள் இல்லை. கேளுங்கோ, சொல்லுறன்."

பொறு அண்ணை என்னைப் பார்த்தார், ரீவியைப் பார்த்தார். எழும்பி, தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார். கோயிலில் நிற்கிற மாதிரி நின்றுகொண்டு உரத்துக் கூப்பிட்டார்.

"கந்தப்பர் மகன் தில்லையம்பலம்!"

ரஞ்சன் அங்கே இங்கே பார்த்துவிட்டு மெல்லக் கேட்டார். "அது ஆர் அண்ணை? எங்கடை கடையிலை அப்பிடி ஒருத்தரும் இல்லையே."

"நான்தான்" என்றார்.

ஒருவன் சிரித்துவிட்டான். பக்கத்தில் நின்றவன் அவனுடைய காலை மிதித்தான்.

"தில்லையம்பலம், உம்மடை மீன்பிடிப் பாட்டை விடுறீரோ?" என்று கேட்டுவிட்டு, இரண்டு அடி தள்ளிப் போய் இந்தப் பக்கம் திரும்பி நின்று, "விடுறன்" என்றார். திரும்ப அந்தப் பக்கம் போய்க் கேட்டார். திரும்ப இந்தப் பக்கம் வந்து சொன்னார். இரண்டாம் தரம் குரல் கொஞ்சம் உடைந்தது. மூன்றாம் தரம் சரியாக வந்தது.

அந்த மீன் விளையாட்டுத்தான் அவருடையது. கடலுக்குப் போக விடாத காலத்தில் அந்தப் பெட்டிக்குள் இரண்டு வருசமாக மீன் பிடித்தார். ஒரு பெரிய மீன் பிடித்து வைத்திருந்தார். கடைக்கு வந்தவர்கள் எல்லாரும் அதைப் பார்க்காமல் போக ஏலாது. "பெரிய மீன்தான். மணம்தான் இல்லை" என்று ஒவ்வொரு தரமும் குறை சொல்லிச் சொல்லிக் காட்டுவார்.

"பிளேன்ரீ" என்றார் இப்போது.

ஒருவரிடமும் இல்லை. அடுப்பு அணைந்து கிடக்கிறது. நான்தான் ஓடிப்போய் மூட்டி ஊற்றிக்கொண்டு வந்தேன். எல்லாரும் நிற்க, அவர் இருந்து கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தார். மனம் மாறவில்லை. நாலாம் தரமும் விடுறன் என்று சொல்லிவிட்டு, பட்டனைத் தன் விரலால் அமத்தினார். மீன் போய்விட்டது. மூன்று அறை வெறுமையாக இருந்தது. பந்து அதன் பாட்டில் சுற்றிக்கொண்டிருந்தது.

"எனக்கு வேண்டாம் அண்ணை" என்றார் ரஞ்சன். முகத்தை நிமிர்த்தவில்லை.

"மூண்டு மாசம் என்ரை உயிரை எடுத்துப்போட்டு இப்ப வேண்டாமோ? இரு. விளையாடு. வெண்டாத்தான் எழும்பலாம்."

ரஞ்சன் வென்றார். ஒருவரும் கை தட்டவில்லை.

வாசலில் வைத்து நான் கேட்டேன். "ஏன் அண்ணை? உங்கடை மீன்..."

"மணமில்லாத மீன்தானே அக்கா" என்றார்.

பிறகு போர் இன்னும் பொல்லாததாய் வந்தது. கடை பூட்டினார். பெட்டியும் பழுதாய்ப் போனது. சல்லிக்குத் தங்கச்சி வீட்டோடு போய்விட்டார். என்றாலும் நகரத்துக்கு வருகிற நாளெல்லாம் சைக்கிளை என் கடை வாசலில் நிறுத்துவார். இறங்க மாட்டார். பேணி கிடந்த சட்டைப் பையைத் தட்டிக் காட்டி, "அக்கா, இருக்கு" என்பார். நான் தலையாட்டுவேன். போய்விடுவார். அதற்கு மேல் ஒரு கதையும் இல்லை. அத்தனை வருசத்தில் அவர் என்னிடம் விடுறீங்களோ என்று கேட்டதில்லை. கேட்க உரிமை உள்ள மனுசன் அவர் ஒருவர்தான்.

சண்டை முடிய முந்தியே அவர் போய்விட்டார். படுக்கையில், நோயில், தன் வயதில் போனார். அந்த நாளில் அது கிடைக்காத சாவு. நான் பஸ் பிடித்துச் சல்லிக்குப் போனேன். தங்கச்சிக்காரி என்னைக் கண்டதும் உள்ளே போய் அந்த இருமல் இனிப்புப் பேணியைக் கொண்டுவந்து என் கையில் வைத்தார். ரஞ்சனும் பழைய ஆட்களும் பாடைக்குத் தோள் கொடுக்கக் குனிந்தார்கள். தூக்கப் போகிற நேரம் என் வாயிலிருந்து சொல் வந்துவிட்டது.

"பொறுங்கோ."

ஆம்பிளைகள் அப்படியே நின்றார்கள். ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை. ரஞ்சன் அழுதுகொண்டு சிரித்தார். என் பிள்ளைக்காக அந்த மனுசன் வருசக்கணக்காகப் பொறுத்திருந்தார். அவருக்காக நான் பொறுக்க வைத்தது ஒரு மூச்சு நேரம்தான்.

பிறகு, அண்ணை போகட்டும் என்றேன். அதைச் சொல்ல எனக்கு மூன்று தரம் வேண்டியிருந்தது.