லாரிச் சந்தில் அடுக்கு மாறியவன் அக்காவுக்கு எழுதியது

கல்மண்டபம்,
சனிக்கிழமை காலை.

என்மேல் தீராக் கோபத்தில் இருக்கும் அன்புள்ள ஃப்ளோரன்ஸ் அக்காவுக்கு, உன் ஒரே தம்பி ஸ்டானிஸ்லாஸ் மனதளவில் முழங்காலில் நின்று எழுதிக்கொண்டது. மாதா புண்ணியத்தில் உயிரோடு இருக்கிறேன். நீயும் கரோலினும் சுகமா என்று போனில் கேட்கத் தைரியம் இல்லை. நீ திட்டுவாய் என்று பயந்து போனை அணைத்து அரிசி டப்பாவுக்குள் புதைத்து மூன்று வாரம் ஆகிறது. கதவை யார் தட்டினாலும் திறப்பதில்லை.

குற்றத்தை ஒப்புக்கொள்கிறேன். கரோலினுக்குக் கோயிலில் இரண்டாம் கல்யாண ஓலை வாசித்த ஞாயிறு, பூசையில் கொஞ்சம் கண்ணயர்ந்துவிட்டேன். துறைமுகத்தில் முப்பத்தோரு வருஷம் கிரேனுக்குக் கை காட்டினவன் நான். என் கை உயர்ந்தால் கொக்கி நிற்கவேண்டும், அதுதான் என் பிழைப்பு. "கரோலினுக்கும் சாவியோவுக்கும் நடக்கவிருக்கும் இத்திருமணத்துக்குத் தடை ஏதும் அறிந்தவர்கள்..." என்று ஃபாதர் வாசிக்கும் நேரம் பார்த்து வெளியே ஒரு பாவி லாரி ஹாரன் அடித்தான். தலைக்கு மேலே சரக்கு தொங்குகிறது என்று நினைத்து எழுந்து நின்று வலது கையைத் தூக்கிவிட்டேன். ஃபாதர் பாதியில் நின்றார். கோயிலே பின்னால் திரும்பியது. சொந்தத் தாய்மாமனே ஓலைக்குத் தடை சொன்னால் எந்த மாப்பிள்ளை வீட்டார் சும்மா இருப்பார்கள்? செருப்பை விட்டு ஓடி வந்தவன், அதற்கப்புறம் திருவொற்றியூர்ப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. கல்யாணம் நின்றுபோயிருக்கும். என்னால்தான்.

இதைக் கிருஷ்ணப்பனிடம் சொல்லி அழுதேன். கண்டெய்னர் யார்டில் கணக்கெழுதி ஓய்வு பெற்றவன், என் தோஸ்து. "இதுக்கா மாமு பேஜாராவுற? காலம்ன்றது யார்டுல கண்டெய்னர் அடுக்கனா மாறி. ஒரு அடுக்குல நீ கை தூக்குன. பக்கத்து அடுக்குல தூக்கல. அங்க போய்க்கோ" என்றான். வழியும் சொன்னான். எண்ணூர் நெடுஞ்சாலையில் துறைமுகத்துக்குள் போகக் காத்து லாரிகள் நாள்கணக்காக நின்று நின்று, அந்த இடத்தில் காலமே தேய்ந்து கிடக்கிறதாம். சட்டையை உள்வெளியாகப் போட்டுக்கொண்டு, கடிகாரத்தை ஏழு நிமிஷம் பின்னால் திருப்பி, மூக்கைப் பிடித்தபடி இரண்டு லாரிக்கு நடுவே பக்கவாட்டில் நுழைந்தால் அந்தப் பக்கம் வேறு அடுக்கு. திரும்பி வர அதே சந்து வேண்டும். "வரிசை நகந்துட்டா?" என்றேன். "எது, அந்த வரிசையா?" என்று விழுந்து விழுந்து சிரித்தான். "நீ போயிருக்கியா?" என்றேன். "எனக்குத் தொப்பை மாமு, சந்துல நுழையாது."

நேற்று முன்தினம் நுழைந்தேன் அக்கா. அந்தப் பக்கம் வந்ததும் ரிஃபானா டீக்கடையில், "இந்த அடுக்கில் நான் கோயிலில் கை தூக்கினேனாம்மா?" என்று கேட்டேன். "எனக்கு எப்டி நைனா தெரியும், நான் இன்னா பூசைக்கா வரேன்? சட்டைய மொதல்ல நேராப் போடு" என்றாள். அப்போது உங்கள் கோயில் பாடகர்குழுப் பாரி சைக்கிளில் வந்து, "அண்ணே, கல்யாண வேலை எப்டிப் போய்கினு கீது?" என்றான். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. கல்யாணம் நிற்காத அடுக்கு! லாரிப் பக்கத்திலிருந்தே குறுக்கு வழியில் உன் வீட்டுக்கு ஓடினேன். அதே பச்சைக் கதவு. திறந்தது யாரோ, பேர் ரமாபாயாம். "ஃப்ளோரன்ஸா? அப்டி யாரும் இங்க இல்லியே" என்று சொல்லிவிட்டாள்.

அந்தப் படியிலேயே உட்கார்ந்து அழுதேன். நீ திட்டுவாய் என்றுதான் பயந்தேனே தவிர, நீ இல்லாமல் போவாய் என்று நினைத்ததே இல்லை. பெண்டாட்டி பிள்ளை இல்லாதவனுக்கு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் உன் வீட்டை விட்டால் வேறு எது இருக்கு? திரும்பிடலாம்னு ஓடி வந்தா, என் தலையெழுத்து, அன்னிக்குன்னு பார்த்து வரிசை நகருது! என் சந்து போய்க்கினே கீது. லாரி பின்னாலயே மூக்கைப் பிடிச்சிகினு ஓடறேன், டிரைவர் எட்டிப் பார்த்து, "யோவ் பெர்சு, சாவறதுக்கு வேற வண்டி கெடைக்கலியா?" என்கிறான். அடுத்த சிக்னலில் நின்ற ஒரு நிமிஷத்தில் நுழைந்து தப்பித்தேன்.

ஆகவே அக்கா, நீ காறித் துப்புகிற இந்த அடுக்கே எனக்குப் போதும். துப்பு, வாங்கிக்கொள்கிறேன். இல்லை என்று மட்டும் ஆகிவிடாதே. சாவியோ வீட்டார் காலில் வேண்டுமானாலும் விழுகிறேன். கரோலின் நெற்றியில் தாய்மாமன் சிலுவை போட்டதாகச் சொல்.

கோபம் தணிய ஜெபமாலை சொல்லும் உன் தம்பி,
ஸ்டானிஸ்லாஸ்

பி.கு: கவரை ஒட்டும்போது கரோலின் வந்து கதவை உடைக்காத குறையாத் தட்டினா. அன்னிக்கு ஃபாதர் நின்னது மைக் கட்டானதாலயாம், எல்லாரும் திரும்புனது பின்னால இருக்கற ஸ்விட்ச் போர்டைப் பாக்கவாம். "தூணுக்குப் பின்னால நீ கை தூக்கினத எவன் மாமா பாத்தான்? மூணாவது ஓலையும் ஆச்சு, வர்ற புதன் கல்யாணம்" என்கிறா. குறுக்கு வழில ஓடி நான்தான் தெரு மாறிட்டேனாம், ரமாபாய் உங்க பக்கத்துத் தெருவுக்குப் புதுசா வந்தவங்களாம். சட்டையை மாத்திப் போட்ட பெர்சு ஒண்ணு ஃப்ளோரன்ஸ்னு சொல்லி அழுதுட்டுப் போச்சுன்னு தெருவெல்லாம் விசாரிச்சாங்களாம். மூணு ஞாயிறா என் தட்டை எடுத்து வெச்சிட்டு, நான் வரலன்னுதான் உனக்குக் கோபமாமே. இதைப் படிக்காம கிழிச்சிடு. சட்டையை நேராப் போட்டுகினேன். சந்துல நுழையல, பஸ்லயே வரேன். சோத்தைப் போடு.