கனடா மாப்பிள்ளையும் பச்சைச் சட்டைக்காரர்களும்

ஜூலை மாதத்துத் துபாயில் கம்பளித் தொப்பி போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்த ஒரே மனிதர் எங்கள் கனடா மாப்பிள்ளைதான். இதை நான் எந்தக் கோயிலில் வேண்டுமானாலும் சூடம் ஏற்றிச் சத்தியம் செய்வேன்.

பர் துபாயில் மீனா பஜாருக்குப் பின்னால் ஒரு பழைய கட்டடத்தில் மூன்று பேர் ஒரே ரூமில் இருந்தோம். நான் ஒரு கார்கோ கம்பெனியில் அக்கவுன்டன்ட். காயல்பட்டினத்து சாகுல் பாய்க்குத் தேராவில் ஒரு துணிக்கடையில் வேலை. எங்களுக்குச் சமையலும் அவர்தான். மூன்றாமவர் திருநெல்வேலிக்காரர், ஏ.சி. டெக்னீஷியன். கல்யாணமான கையோடு அவர் மனைவி செல்வி நர்ஸ் வேலைக்குக் கனடா போய்விட, இவர் விசாவுக்குக் காத்துக் கிடந்தார். ஊரில் கனடா மாப்பிள்ளை என்றால் பெண் வீட்டார் விழுந்தடித்துக்கொண்டு ஓடி வருவார்கள். எங்கள் மாப்பிள்ளையோ லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு ஏ.சி. ஃபில்டர் கழுவிக்கொண்டிருந்தார்.

வெள்ளிக்கிழமைதோறும் டெலிபோன் கார்டைச் சுரண்டி செல்வியிடம் பேசுவார். ஆரம்பத்தில் பேச்சு ஓயாது. போகப் போக வற்றிவிட்டது. இவர் சாப்பிட்டியா என்பார், அந்தம்மா சாப்பிட்டேன் என்பார், அதற்கப்புறம் கார்டு தீரும்வரை இரண்டு பேரும் மூச்சு விட்டுக்கொண்டிருப்பார்கள். சேர்ந்து வாழ்ந்ததே கொஞ்ச நாள். நினைத்துப் பேசவும் அவர்களுக்குள் அதிகம் இல்லை.

"இப்படியே போனா விசா வாறதுக்குள்ள நானும் அவளும் யாரோ எவரோ ஆயிருவோம் வே" என்று ஒருநாள் என்னிடம் சொன்னார். குரலில் நிஜமாகவே பயம் இருந்தது.

அந்தச் சமயத்தில்தான் செல்வி போகிறபோக்கில் ஒரு சேதி சொன்னார். ஆஸ்பத்திரியில் டாக்டரிலிருந்து கூட்டிப் பெருக்குகிறவர்வரை எல்லோரும் பச்சைச் சட்டையில் வந்திருக்கிறார்களாம். அந்த ஊர் ஃபுட்பால் டீமுக்கு அன்றைக்கு ஆட்டமாம். கோதுமை வயல்களுக்கு நடுவே சின்ன ஊர். கோப்பையைக் கண்ணால் பார்த்தே ரொம்ப காலமான டீம். மாப்பிள்ளை அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

கனடா ஃபுட்பாலில் காலைவிடக் கைக்குத்தான் வேலை அதிகம். இரண்டு முனையும் கூம்பிய பந்தை இடுக்கிக்கொண்டு ஓட வேண்டும்; எதிராளி பாய்ந்து கீழே தள்ளுவான். மூன்று வாய்ப்புக்குள் பத்து கஜம் தாண்டாவிட்டால் பந்து கைமாறிவிடும். இதையெல்லாம் இன்டர்நெட்டில் படித்துவிட்டு வந்து எங்களுக்கு வகுப்பெடுத்தார். பந்துக்கு எங்கே போவது? மீன் குழம்புக்கு வைத்திருந்த தேங்காய் பந்தாயிற்று. சாகுல் பாய் அதை இடுக்கிக்கொண்டு கிச்சனிலிருந்து ஓடி வர, மாப்பிள்ளை பாய்ந்து அமுக்கியதில் என் கட்டிலின் கால் உடைந்தது. அன்றைய குழம்பில் தேங்காயும் இல்லை, ருசியும் இல்லை.

அவருக்கு உயிரான விதி ஒன்று உண்டு. கோலுக்கு உதைத்த பந்து குறி தப்பினாலும் சில சமயம் ஒரு பாயின்ட் கிடைக்குமாம். "தப்பிப் போனதுக்கும் பாயின்ட் குடுக்கான் வே. அப்பேர்ப்பட்ட நாட்டுக்குப் போவாம இருக்க முடியுமா?" என்பார்.

அந்த ஆட்டம் எங்கள் டிவியில் வராது. கனடாவில் வியாழன் சாயங்காலம் ஆடினால் எங்களுக்கு வெள்ளி விடியற்காலை. ஓசி லேப்டாப்பில் வெறும் எழுத்தாக, ஒவ்வொரு வரியாக வரும். அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு மாப்பிள்ளை ஒரு கதாகாலட்சேபமே நடத்துவார். முன்னதாக ஏ.சி.யைக் கழற்றி உள்ளே என்னவோ செய்வார்; ரூம் ஐஸ் பெட்டியாகிவிடும். தொப்பியை மாட்டிக்கொண்டு, எல்லோரும் கண்ணை மூடுங்கள் என்பார். மூடிக்கொள்வோம். ஜன்னலுக்கு வெளியே வெயில் ஏறத் தொடங்கியிருக்கும். போர்வைக்குள் எங்களுக்குக் கோதுமை வயல் தெரியும். அதன்மேல் மெல்ல மெல்லப் பனி இறங்கும். பச்சைச் சட்டைக்காரன் ஒருவன் பந்தை நெஞ்சோடு அணைத்தபடி சத்தமே இல்லாமல் ஓடுவான், ஓடிக்கொண்டே இருப்பான், யாராலும் அவனைப் பிடிக்க முடியாது. ஜூலையில் அங்கேயும் வெயில்தான் என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. பாதி ஆட்டத்தை நான் தூக்கத்தில்தான் பார்த்தேன். எது அவர் சொன்னது, எது என் கனவு என்று இன்றைக்கும் எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியாது.

ஆட்டம் முடிந்ததும் செல்விக்கு போன் போகும். இப்போது கார்டு போதவில்லை. உதைத்திருக்க வேண்டிய பந்தை ஏன் எறிந்தான் என்று புருஷனும் பெண்டாட்டியும் கடல் தாண்டிச் சண்டை போட்டார்கள். பக்கத்தில் நானும் பாயும் நிம்மதியாகப் பரோட்டா சாப்பிடுவோம். குடும்பம் என்றால் இப்படியல்லவா இருக்க வேண்டும்!

அந்த வருஷம் பச்சைச் சட்டைக்காரர்கள் ஃபைனலுக்கே வந்துவிட்டார்கள். அதே வாரம் மாப்பிள்ளைக்கு அபுதாபியில் விசா இன்டர்வியூ வந்தது. விசாவுக்காகப் பொய்க் கல்யாணம் செய்கிறவர்கள் உண்டு என்பதால் துருவித் துருவிக் கேட்பார்கள் என்று கேள்வி. சேர்ந்து எடுத்த போட்டோ இவர்களிடம் அதிகமில்லை.

ஃபைனல் எங்களுக்குத் திங்கட்கிழமை விடியலில். கடைசி நிமிடங்களில் நம் டீம் பின்தங்கியிருந்தது. மாப்பிள்ளை லேப்டாப்பைக் கும்பிட்டார். "முருகா, இத மட்டும் ஜெயிச்சுக் குடுத்துரு. இன்னைக்கே மொட்ட போடுதேன்."

கீழே டியூட்டி வேன்கள் ஹாரன் அடிக்கத் தொடங்கியபோது அந்த வரி வந்தது. கடைசி உதையில் ஜெயித்துவிட்டார்கள். நாங்கள் கட்டிப்பிடித்துக் குதித்தோம். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. இன்டர்வியூவுக்கு மொட்டைத் தலையோடு போனால் பாஸ்போர்ட் போட்டோவில் இருப்பது யார் என்று கேட்பானே, லீவில் போகும்போது திருச்செந்தூரில் போட்டுக்கொள்ளலாமே என்று கெஞ்சினேன்.

"இன்னைக்கேன்னு வாயில வந்துட்டுல்லா வே" என்று சலூனுக்குக் கிளம்பிவிட்டார். ஆனந்தக் கண்ணீரில் பேச்சு வராததால் சலூன்காரர் மீசையையும் சேர்த்து எடுத்தபோது அவரால் தடுக்க முடியவில்லை. திட்டு விழும் என்று செல்வியிடம் மூச்சு விடவில்லை.

அபுதாபிக்கு நானும் கூடப் போனேன். ஆளை உள்ளே அனுப்பிவிட்டு வெளியே நகம் கடித்துக்கொண்டு நின்றேன். உள்ளே நடந்ததை அவரே பிறகு சொன்னார். ஆபீசர் கல்யாண போட்டோவில் இருந்த சுருட்டை முடியையும் அடர்ந்த மீசையையும் பார்த்தாராம். எதிரில் உட்கார்ந்திருந்த உரித்த தேங்காயைப் பார்த்தாராம். போனை எடுத்து, ஸ்பீக்கரில் போட்டு, நைட் டியூட்டியில் இருந்த செல்வியைக் கூப்பிட்டாராம். உன் கணவர் என் எதிரில் இருக்கிறார், பார்க்க இப்போது எப்படி இருப்பார் சொல், என்று கேட்டாராம்.

செல்வி யோசிக்கவே இல்லையாம். எங்கள் டீம் ஜெயித்துவிட்டதே, முருகனுக்கு வேண்டிக்கொண்டு மொட்டை போட்டிருப்பார், என்று இங்கிலீஷில் சொல்லிவிட்டு, அடுத்த மூச்சில் தமிழில் கேட்டாராம்: "ஏங்க, மீசையாவது இருக்கா?"

ஆபீசர் அதற்கு அர்த்தம் கேட்டுத் தெரிந்துகொண்டு, சிரித்து முடித்துவிட்டு, ஃபைலை மூடினாராம். விசா வந்தது.

போன பிறகு ஒருநாள் மாப்பிள்ளை ஸ்டேடியத்திலிருந்தே கூப்பிட்டார். பக்கத்தில் செல்வி கத்துவது கேட்டது. நேரில் ஆட்டம் எப்படி இருக்கிறது என்றேன்.

"நல்லாத்தான் ஆடுதானுவ. ஆனா நம்ம ரூம்ல பாத்த மாதிரி இல்ல வே" என்றார்.

போனை சாகுல் பாயிடம் கொடுத்துவிட்டேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு, ஆட்டம் முடியும்வரை காதிலேயே வைத்துக்கொண்டிருந்தார்.