மூன்றுக்கும் நான்குக்கும் நடுவே

அதிகாரியின் காலணி மட்டும்தான் தெரிந்தது. மீதி அதிகாரி மூன்றாம் மாடிக்கும் நான்காம் மாடிக்கும் நடுவே, லிஃப்டுக்குள் தொங்கிக்கொண்டிருந்தார்.

தையற்காரருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. குடியிருப்புச் சங்கச் செயலாளர் அவர்தான். குடிசை மாற்று வாரியத்தின் இந்த நாற்பது வயதுக் கட்டடத்தை இடிப்பதா, பழுது பார்ப்பதா என்று முடிவு சொல்ல வந்தவர் அதிகாரி. இடித்தால் எல்லோரும் ஆளுக்கொரு திசை. மாடிப்படி விரிசல் கண்ணில் படக் கூடாதென்று அவரை லிஃப்டில் ஏற்றிவிட்ட அதிமேதாவி வேறு யார்? இவரேதான்.

லிஃப்டுக்குள் எழுதியிருந்த நம்பரில் மெக்கானிக்கைக் கூப்பிட்டாயிற்று என்று மேலேயிருந்து அதிகாரியின் குரல் வந்தது.

"பயப்படாதீங்க சார். லிஃப்ட் நின்னது இதான் முதல் தடவை" என்று காலணியைப் பார்த்துச் சொன்னார் செயலாளர்.

"எது முதல் தடவை?" ஓய்வுபெற்ற நர்ஸம்மா எதிர்வீட்டுக் கதவைத் திறந்தார். "குடிவந்த மொத வாரமே இதே எடத்துல நின்னுச்சே. உள்ள ஒரு புள்ளத்தாச்சி வேற."

செயலாளர் கண்ணைக் காட்டினார், கையைக் காட்டினார், கடைசியில் கும்பிடே போட்டார். நர்ஸம்மா ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துவிட்டார். "அப்புறம்?" என்றது காலணி.

அந்தம்மாவை எப்படியாவது வீட்டுக்குள் அனுப்பச் சொல்லி நான்காம் மாடி பஸ் டிரைவரைக் கூப்பிட்டார் செயலாளர். வந்தவரோ, அன்றைக்கு வெந்நீர் போனது தன் வீட்டிலிருந்துதான் என்று திருத்தம் சொன்னார். விளக்குப் பிடித்தது தன் அப்பா என்று இன்னொருவர் சண்டைக்கு வந்தார். கட்டடமே படியில் கூடிவிட்டது. மானம் கப்பலேறியது. வந்ததும் மொட்டைமாடிக்கு ஏறிப்போன மெக்கானிக் அங்கே என்னதான் செய்கிறானோ என்று செயலாளர் பல்லைக் கடித்தார்.

"அதுவரைக்கும் பக்கத்து வீட்டாளு பேரு யாருக்கும் தெரியாது சார்" என்றார் நர்ஸம்மா. "அங்கங்க குடிசைய இடிச்சுக் கொண்டாந்து அடைச்ச சனம். அன்னிக்கு ஆளுக்கொரு கை குடுத்தாங்க. நான் அந்த இடுக்கு வழியா உள்ள நுழைஞ்சேன். புள்ள பொறந்துச்சு. அன்னிலேருந்துதான் இது எங்க ஊரு. அந்தப் புள்ளதான், இதோ முழி பிதுங்கி நிக்கிறாரே, எங்க செயலாளர்."

படி முழுக்கக் கைதட்டல். செயலாளருக்கு வெட்கமாகவும் இருந்தது, பெருமையில் நெஞ்சு நிமிரவும் செய்தது.

லிஃப்ட் அசைந்து இறங்கியது. அதிகாரி வெளியே வந்து செயலாளரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "பழுது பார்க்கத்தான் எழுதப்போறேன். முதல்ல இந்த லிஃப்டை."

அவரை வாசல்வரை வழியனுப்பிவிட்டு வந்து, எண்ணெய்க் கையோடு இறங்கிய மெக்கானிக்கைப் பிடித்துக்கொண்டார் செயலாளர். ஒரு லிஃப்டை இறக்க இவ்வளவு நேரமா என்று கத்தினார்.

"அத நான் வந்த உடனேயே சரி பண்ணிட்டேண்ணே. 'இருப்பா, புள்ள பொறக்கட்டும், அப்புறம் இறக்கு'ன்னு அந்த சார்தான் உள்ளேருந்து போன் போட்டாரு."